உச்ச நீதிமன்றத்திலிருந்து பாலாற்றங்கரை வரை: உரிமை எந்த வழியாக வருகிறது?

வாணியம்பாடியில் குரூப் 2 தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கும் ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: “அடிப்படை உரிமைகள் 12 முதல் 35 வரை மனப்பாடமாகத் தெரியும். ஆனால் எங்கள் தெருவில் ஒருவருக்கு அநியாயம் நடந்தால் இந்தச் சட்டம் எந்த வழியாக உள்ளே வருகிறது? பக்கத்து வீட்டு அண்ணனை நாலு பேர் அடித்துவிட்டார்கள். புகார் கொடுக்கப் போனவருக்கு சி.எஸ்.ஆர். ரசீது ஒன்றைக் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். இதற்கெல்லாம் அரசியலமைப்பைப் பிடித்துக்கொண்டு போக முடியுமா?”

வேலூர் கோர்ட்டில் வக்கீலாக இருப்பவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன். கொஞ்சம் நீளும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

போக முடியும். ஆனால் எல்லாவற்றுக்கும் டெல்லி வரை போக வேண்டியதில்லை. போய் ஜெயித்தாலும் அதோடு வேலை முடிவதில்லை. நான் சொல்ல வருவதில் முக்கால்வாசி இந்த இரண்டாவது விஷயம்தான். நம் நாட்டில் உரிமையை எழுதி வைத்ததில் பெரிய குறை இல்லை. தீர்ப்பு வாங்குவதிலும் நாம் அவ்வளவு மோசமில்லை. தீர்ப்புக்கும் அது ஊர் வந்து சேர்வதற்கும் நடுவில்தான் வண்டி நின்றுவிடுகிறது. வடாற்காடு ஜில்லாவைப் போல இதற்குச் சாட்சி சொல்லும் ஊர் வேறு இல்லை. காரணம் கடைசியில் வரும்.

தேர்வுக்குப் படிக்கிறவர்கள் 14, 19, 21 மூன்றையும் அடிக்கோடு போட்டு வைத்திருப்பார்கள். சமத்துவம், சுதந்திரங்கள், உயிரும் தனிமனிதச் சுதந்திரமும். கோர்ட்டில் நிற்கிறவனுக்கு அவற்றை விட 13, 32, 226 முக்கியம். அடிப்படை உரிமையைப் பறிக்கும் சட்டம் அந்த அளவுக்குச் செல்லாது என்கிறது 13. உரிமை மீறப்பட்டால் நேரே உச்ச நீதிமன்றத்துக்கு வரலாம், அப்படி வருவதே ஓர் அடிப்படை உரிமை என்கிறது 32. இந்தப் பிரிவைத்தான் 1948 டிசம்பரில் அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் அரசியலமைப்பின் இதயமும் ஆன்மாவும் என்றார். உயர் நீதிமன்றத்துக்குப் போகும் வழி 226. நடைமுறையில் நமக்கு உதவுவது பெரும்பாலும் இதுதான். 32 அடிப்படை உரிமைக்கு மட்டும். 226 அடிப்படை உரிமைக்கும் உண்டு, மற்றச் சட்ட உரிமைகளுக்கும் உண்டு. ஜோலார்பேட்டையில் விடிகாலை ஏலகிரி எக்ஸ்பிரஸ் ஏறினால் கோர்ட் திறக்கும் முன் சென்னையில் இருக்கலாம். இப்போது இ-ஃபைலிங்கும் வந்துவிட்டது.

ஆனால் எழுதி வைத்ததால் மட்டும் இந்தப் பிரிவுகளுக்கு உயிர் வந்துவிடவில்லை. 21-ஐயே எடுத்துக்கொள்ளுங்கள். ஏ.கே. கோபாலன் என்ற கம்யூனிஸ்ட் தலைவரைத் தெரியும் அல்லவா? வெள்ளைக்காரன் காலத்தில், 1941-ல், நம் வேலூர் ஜெயிலிலிருந்து தப்பிப் போனவர். சுதந்திரம் வந்த பிறகும் அவரைத் தடுப்புக் காவலில்தான் வைத்திருந்தார்கள். இந்த முறை அவர் தப்பிப் போகவில்லை, 32-ன் கீழ் மனுப் போட்டார். 1950-ல் உச்ச நீதிமன்றம் அவருக்கு எதிராகத் தீர்ப்புச் சொன்னது. நாடாளுமன்றம் முறையாகப் போட்ட சட்டத்தின்படி காவலில் வைத்திருந்தால் போதும், அந்தச் சட்டம் நியாயமானதா என்று 21-ன் கீழ் நாங்கள் பார்க்க மாட்டோம் என்பதுதான் அதன் சாரம். இந்தப் பார்வை மாற 1978 வரை, மேனகா காந்தி வழக்கு வரை, காத்திருக்க வேண்டியிருந்தது. உயிரையோ சுதந்திரத்தையோ பறிக்கும் நடைமுறை நியாயமாகவும் ஏற்கத்தக்கதாகவும் இருக்க வேண்டும் என்று அப்போதுதான் வந்தது. கௌரவமான வாழ்வு, பிழைப்பு, சுத்தமான தண்ணீர், அந்தரங்கம் எல்லாம் 21-க்குள் வந்தது அந்தக் கதவு திறந்த பிறகு.

நடுவில் நெருக்கடி நிலை. காவலில் வைக்கப்பட்டவர் ஆட்கொணர்வு மனுக்கூடப் போட முடியாது என்று 1976-ல் உச்ச நீதிமன்றமே சொன்னது. ஐந்து நீதிபதிகளில் எச்.ஆர். கன்னா ஒருவர்தான் மாறுபட்டார். 1978-ல் வந்த 44-வது திருத்தம், நெருக்கடி நிலை வந்தாலும் 20, 21 பிரிவுகளை நிறுத்தி வைக்க முடியாது என்று பூட்டுப் போட்டது. 1976 தீர்ப்பு தவறு என்று உச்ச நீதிமன்றம் தன் வாயால் சொன்னது 2017-ல், அந்தரங்க உரிமை வழக்கில். நாற்பது வருஷம் கழித்து. நீதிமன்றம் தெய்வம் என்று நினைப்பவர்களுக்காகவும், நீதிமன்றத்தால் ஒன்றும் ஆகாது என்பவர்களுக்காகவும் இதைச் சொன்னேன்.

சரி, ஊருக்கு வருவோம்.

அடிப்படை உரிமை என்பது பெரும்பாலும் அரசுக்கு எதிரானது. போலீஸ், கலெக்டர், நகராட்சி, அரசுப் பள்ளி இவர்கள் மீறினால் ரிட் மனு, அதாவது அவர்களுக்கு உத்தரவிடச் சொல்லி 32 அல்லது 226-ன் கீழ் போடும் மனு. ஆனால் நம் பக்கத்தில் நடக்கும் அநியாயத்தில் பாதி அரசு செய்வதில்லை. பக்கத்து நிலத்துக்காரர் செய்கிறார், மண்டிக்காரர் செய்கிறார், ஊர்ப் பெரிய மனிதர் செய்கிறார். அரசியலமைப்பை எழுதியவர்களுக்கு இது தெரியும். அதனால்தான் சில பிரிவுகளைத் தனி ஆளையும் பிடிக்கிற மாதிரி எழுதினார்கள். 17 தீண்டாமையை ஒழித்தது. 23 ஆள் கடத்தலையும் கட்டாய வேலையையும் தடை செய்தது. 24, பதினான்கு வயதுக்குள் இருக்கும் பிள்ளையைத் தொழிற்சாலையிலோ சுரங்கத்திலோ ஆபத்தான வேறு வேலையிலோ வைக்கக் கூடாது என்றது. வடாற்காட்டுக்கென்றே எழுதியது போல இருக்கும் இந்த மூன்றும்.

17-க்கு ஓர் உதாரணம் உங்கள் ஊருக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. 2019 ஆகஸ்டில் நாராயணபுரத்தில் இறந்துபோன ஒரு தலித்தின் உடலைப் பாடையோடு பாலத்தின் மேலிருந்து கயிறு கட்டிக் கீழே பாலாற்றங்கரையில் இறக்கினார்கள். சுடுகாட்டுக்குப் போகும் வழியில் மற்றச் சாதிக்காரர்களின் நிலம். அந்த வழியாகப் போக முடியவில்லை. கைப்பேசியில் எடுத்த வீடியோ வெளியே வந்தது. யாரும் மனுப் போடாமலேயே சென்னை உயர் நீதிமன்றம் தானாக வழக்கை எடுத்தது. அவசர அவசரமாக அவர்களுக்கென்று தனி மயானத்துக்கு நிர்வாகம் இடம் ஒதுக்கியது. தலித்துகளுக்கென்று தனி மயானம் ஒதுக்கி அரசே இந்தப் பிரிவினையை ஊக்குவிக்கிறதா என்று நீதிபதிகள் கேட்டார்கள். சாவில்கூட மனிதனுக்குக் கௌரவம் உண்டு என்பது 21-ன் பொருளுக்குள் வருகிறது.

என் பார்வையில் அந்தக் கேள்விதான் வழக்கில் மிகக் கூர்மையான இடம். அதிகாரிக்குத் தோன்றிய தீர்வு, தகராறு வராமல் ஆளைப் பிரித்து வைப்பது. அரசியலமைப்பு கேட்பது பொதுப் பாதையில் எல்லோரும் நடக்க வேண்டும் என்பது. இரண்டுக்கும் உள்ள தூரம் தாசில்தார் ஆபீஸில் தெரியாது, பாடை தூக்கினால் தெரியும்.

இப்போது உங்கள் பக்கத்து வீட்டு அண்ணன் விஷயம். சி.எஸ்.ஆர். என்பது புகார் வந்தது என்பதற்கு நம் தமிழ்நாட்டு ஸ்டேஷன்களில் தரும் ரசீது. அது எஃப்.ஐ.ஆர். ஆகாது. அடிபட்டவர் பெரும்பாலும் அந்தச் சீட்டைப் பத்திரமாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு கேஸ் நடக்கிறது என்று நம்பிக்கொண்டிருப்பார். பிடியாணை இல்லாமலே போலீஸ் கைது செய்யக்கூடிய குற்றம் பற்றித் தகவல் வந்தால் எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும் என்று 2013-ல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1-லிருந்து நடப்பில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் ஒரு சின்ன இடைவெளி விட்டிருக்கிறார்கள். மூன்று வருஷத்திலிருந்து ஏழு வருஷத்துக்குள் தண்டனை உள்ள குற்றமென்றால், டி.எஸ்.பி. அனுமதியோடு பதினான்கு நாளைக்குள் முதற்கட்ட விசாரணை நடத்திப் பார்க்கலாம். பட்டியல் சாதி, பழங்குடியினருக்கான வன்கொடுமை தடுப்புச் சட்டத்தில் வரும் புகாருக்கு அந்த முதற்கட்ட விசாரணையே தேவையில்லை. வேண்டுமென்றே கடமையைச் செய்யாத அதிகாரியையும் அந்தச் சட்டத்தின் 4-வது பிரிவு விடாது.

எஃப்.ஐ.ஆர். போட மறுத்தால் அந்த சன்ஹிதாவின் 173(4)-ன்படி புகாரை எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்ப வேண்டும். ஸ்பீட் போஸ்ட், ஒப்புகையோடு. வெறுமனே கையில் கொடுத்துவிட்டு வராதீர்கள். அதிலும் ஒன்றும் நடக்கவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் 175(3)-ன் கீழ் மனு. எஸ்.பி.க்கு அனுப்பியதற்கு ஆதாரமும் சத்தியப் பிரமாணமும் இல்லாமல் இந்த மனு நிற்காது. அடிபட்ட அன்றே அரசு மருத்துவமனைக்குப் போய் காயம் எப்படி ஏற்பட்டது, யார் அடித்தார்கள் என்று டாக்டரிடம் சொல்லிப் பதிவு செய்யச் சொன்னாரா அண்ணன்? ‘தவறி விழுந்தேன்’ என்று எழுதியிருந்தால் பிற்பாடு எந்த அரசியலமைப்பும் காப்பாற்றாது. நான் பார்த்த வரையில் அதிகமாகக் கேஸ் உடைவது இந்த ஒரு வரியில்.

கைதாகிறவர் பக்கம் எப்படி? 22-வது பிரிவு சொல்வது எளிமையானது. ஏன் கைது என்று சொல்ல வேண்டும், விருப்பமான வக்கீலைப் பார்க்க விட வேண்டும், பயண நேரம் போக இருபத்திநான்கு மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். 1996 டிசம்பரில் டி.கே. பாசு வழக்கில் இன்னும் சிலவற்றைச் சேர்த்தார்கள்: கைதுக் குறிப்பு எழுதி சாட்சி கையெழுத்து வாங்குவது, வீட்டாருக்குத் தகவல், காவலில் இருக்கும்போது 48 மணி நேரத்துக்கு ஒரு முறை மருத்துவப் பரிசோதனை. இவையெல்லாம் இப்போது பெரும்பாலும் சட்டத்துக்குள்ளேயே வந்துவிட்டன. ஸ்டேஷனில் இருப்பவரின் வீட்டார் கேட்க வேண்டிய முதல் கேள்வி, “எப்போது கைது காட்டினீர்கள்?” என்பது. ‘விசாரணைக்குத்தான் கூட்டி வந்தோம்’ என்ற பதிலுக்குள்தான் அந்த இருபத்திநான்கு மணி நேரம் காணாமல் போகிறது.

சிறைக் கதவுக்கு உள்ளேயும் 21 போகிறது. வேலூர்க்காரர்களுக்கு இதைப் பாடமாகச் சொல்ல வேண்டியதில்லை. தொரப்பாடி மத்தியச் சிறையில் தூக்குத் தண்டனைக் கைதிகளாக இருந்த மூன்று பேருக்கு 2011 செப்டம்பர் 9 என்று நாள் குறித்திருந்தார்கள். ராஜீவ் காந்தி கொலை வழக்கு. ஆகஸ்ட் கடைசியில் உயர் நீதிமன்றம் தடை விதித்தது. கருணை மனுவைப் பதினொரு வருஷம் கிடப்பில் போட்டுவிட்டுத் தூக்கில் போடுவது 21-க்கு விரோதம் என்று 2014 பிப்ரவரி 18-ல் உச்ச நீதிமன்றம் அதை ஆயுள் தண்டனையாகக் குறைத்தது. அவர்கள் செய்ததாகச் சொன்ன குற்றம் பற்றி யாருக்கு என்ன கருத்து இருந்தாலும், அரசு ஒரு மனிதனைச் சாவுக்கும் வாழ்வுக்கும் நடுவில் தொங்கவிட்டு வைக்கக் கூடாது என்ற விதி எல்லோருக்கும் பொது.

அதே வளாகத்திலிருந்து 2024-ல் இன்னொரு வழக்கு. ஓர் ஆயுள் கைதியைச் சிறை அதிகாரி வீட்டு வேலைக்குப் பயன்படுத்தினார்கள், அங்கே பணம் காணாமல் போனதாகச் சொல்லி அடித்தார்கள், தனி அறையில் அடைத்தார்கள் என்று அவருடைய தாய் உயர் நீதிமன்றத்துக்குப் போனார். கீழமை நீதிபதியை நேரில் விசாரிக்கச் சொன்ன உயர் நீதிமன்றம், அந்த அறிக்கையைப் பார்த்த பிறகு சி.பி.சி.ஐ.டி. விசாரணைக்கு உத்தரவிட்டது. அதிகாரிகள் மீது வழக்குப் பதிவானது. குற்றம் நிரூபணமாவது ஆகாதது வேறு. நான் கவனிக்கச் சொல்வது, மனு போட்டது யார் என்பதை. படித்தவர் சங்கம் போடவில்லை, கட்சி போடவில்லை. சிறையில் மகனைப் பார்க்கப் போன அம்மா போட்டார்.

23-க்கு வருகிறேன். கொத்தடிமை என்றால் சங்கிலி போட்டிருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டு தேடுகிறவர்களுக்கு அது கண்ணில் படாது. இங்கே அது அட்வான்ஸ் என்ற பெயரில் வரும். மகள் கல்யாணத்துக்கோ ஆஸ்பத்திரிச் செலவுக்கோ வாங்கிய பத்தாயிரம், இருபதாயிரம். அதைக் கழிக்கக் குடும்பமே மரம் வெட்டப் போகும், செங்கல் அறுக்கப் போகும். கணக்கு நோட்டு முதலாளி கையில் இருக்கும். கடன் குறையவே குறையாது. 2019 ஜூலையில் நெமிலி வட்டத்திலும் பக்கத்தில் காஞ்சிபுரம் மாவட்டத்திலும் மரம் வெட்டும் இடங்களிலிருந்து நாற்பதுக்கும் மேற்பட்டவர்களை வருவாய்த் துறை மீட்டது. எல்லோரும் இருளர்கள், குழந்தைகளும் உண்டு. வயதான ஒருவர் அதிகாரிகள் காலில் விழுந்து கும்பிடும் படம் பத்திரிகைகளில் வந்தது. நினைவிருக்கலாம்.

அந்த அதிகாரிக்கு அந்த வேலையைச் செய்ய அதிகாரம் எங்கிருந்து வந்தது? 1976-ன் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டத்திலிருந்து. அரசியலமைப்புப் பிரிவு ஊருக்குள் வர ஒரு சட்டம் வேண்டும், அந்தச் சட்டத்தைக் கையில் எடுக்க ஓர் அலுவலகம் வேண்டும். அந்தச் சட்டத்தின்படி கொத்தடிமைக் கடன் அப்படியே ஒழிந்துவிடும், ஒரு ரூபாய்கூடத் திருப்பித் தர வேண்டாம். அது கொத்தடிமைக் கடன் இல்லை என்று நிரூபிக்கும் பாரம் கடன் கொடுத்தவன் தலையில். சட்டம் எழுதியவர்களுக்கு ஏழையின் நிலைமை புரிந்திருந்தது என்று சொல்லத்தக்க இடங்களில் இதுவும் ஒன்று. 1982-ல் ஏசியாட் (டெல்லி ஆசிய விளையாட்டுப் போட்டி) கட்டுமானத் தொழிலாளர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி போனது. பசியால் வேறு வழியில்லாமல் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே ஒருவன் வேலை செய்தால் அதுவும் கட்டாய வேலைதான் என்றது.

மீட்டவுடன் வாங்க வேண்டியது ஆர்.டி.ஓ. அல்லது சப்-கலெக்டர் கையெழுத்திட்ட விடுதலைச் சான்று. அந்த ஒரு தாள் இல்லாவிட்டால் உடனடி உதவித்தொகை கிடையாது (இப்போதைய திட்டத்தில் 30,000 ரூபாய் வரை), பழைய கடன் ஒழிந்ததற்குச் சாட்சியும் கிடையாது. சான்று தராமல் ‘இரண்டு தரப்பையும் பேசித் தீர்த்து’ ஊருக்கு பஸ் ஏற்றி அனுப்பிவிட்டால், கொஞ்ச நாளில் அதே குடும்பம் வேறொரு சூளையில் இருக்கும். பெரிய தொகையான மறுவாழ்வு நிதி குற்றவாளி தண்டனை பெறுவதோடு கட்டப்பட்டிருக்கிறது. கேஸ் இழுக்கும், பணமும் இழுக்கும். இந்த ஏற்பாடு எனக்குச் சரியாகப் படவில்லை. அரசுத் தரப்பு கேஸை ஒழுங்காக நடத்தாததற்கு மீட்கப்பட்டவர் ஏன் தண்டனை அனுபவிக்க வேண்டும்?

மனித உரிமை ஆணையம் பற்றி அதிகம் சொல்லப் போவதில்லை. 1993-ன் மனித உரிமைகள் பாதுகாப்புச் சட்டத்தில் தேசிய ஆணையம் வந்தது, தமிழ்நாட்டில் மாநில ஆணையம் 1997-லிருந்து இருக்கிறது. வெள்ளைத் தாளில் தமிழில் எழுதி அனுப்பலாம், வக்கீல் வேண்டாம், கட்டணம் இல்லை. சம்பவம் நடந்து ஒரு வருஷத்துக்குள் எழுத வேண்டும், இதை மறந்து வருகிறவர்கள் அதிகம். ‘ஆணையம் பரிந்துரைதானே செய்யும்’ என்று அதிகாரிகள் அலட்சியமாக இருந்த காலம் உண்டு. மாநில ஆணையத்தின் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தும் என்று 2021 பிப்ரவரியில் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு சொன்னது. தெருவுக்குத் தெரு ‘மனித உரிமை’ என்று போர்டு மாட்டி, காரில் ஸ்டிக்கர் ஒட்டி, அடையாள அட்டைக்குப் பணம் வாங்கும் ஆட்களுக்கும் இந்த ஆணையத்துக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. கவனம்.

வக்கீல் வைக்கக் காசு இல்லை என்றால், இலவசச் சட்ட உதவிக்கு அரசியலமைப்பின் 39ஏ பிரிவும் 1987-ன் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டமும் இருக்கின்றன. பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதி, பழங்குடியினர், காவலில் இருப்பவர்கள், மாற்றுத்திறனாளிகள், ஆலைத் தொழிலாளர்கள் இவர்களுக்கு வருமானம் எவ்வளவு என்றுகூடக் கேட்கக் கூடாது. சத்துவாச்சாரி கோர்ட் வளாகத்தில் மாவட்ட ஆணைக்குழு இருக்கிறது, தொலைபேசி என்றால் 15100.

இனிப் பாலாறு.

சட்டக் கல்லூரி மாணவன் நாட்டில் எந்த மூலையில் இருந்தாலும் ‘வேலூர்’ என்ற பெயரை ஒரு வழக்கின் பெயராகப் படித்திருப்பான். வேலூர் குடிமக்கள் நல மன்றம் எதிர் இந்திய அரசு. 1991-ல் 32-ன் கீழ் போட்ட பொதுநல மனு. ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை டேனரிகளின் (தோல் பதனிடும் ஆலைகளின்) கழிவு ஆற்றிலும் நிலத்திலும் கலக்கிறது, கிணறு கெட்டது, வயல் உப்பு பூத்தது என்பது புகார். ஒரு கிலோ தோல் பதப்படுத்த ஏறக்குறைய 35 லிட்டர் தண்ணீர் ஆகிறது, அது ரசாயனத்தோடு வெளியே வருகிறது என்று மனுவில் இருந்தது. தோல் ஆலைகள் உள்ள பகுதியில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுவதுமாகவோ பாழானது என்ற கணக்கும் கோர்ட் முன் வைக்கப்பட்டது.

1996 ஆகஸ்ட் 28-ல் நீதிபதி குல்தீப் சிங் அமர்வு தீர்ப்புச் சொன்னது. தோல் தொழில் அந்நியச் செலாவணி தருகிறது, நிறையப் பேருக்குச் சோறு போடுகிறது, அதற்காக ஊரின் தண்ணீரைக் கெடுக்கும் உரிமை அதற்கு இல்லை என்றார்கள். தீமை வரும் என்று தெரிந்தால் முழு அறிவியல் நிரூபணத்துக்குக் காத்திருக்காமல் தடுக்க வேண்டும், தீங்கில்லை என்று காட்டும் பாரம் தொழில் நடத்துபவனுக்கு, கெடுத்தவனே நஷ்ட ஈடும் கொடுத்து மண்ணையும் தண்ணீரையும் மீட்கும் செலவையும் ஏற்க வேண்டும். இவை இந்த நாட்டுச் சட்டத்தின் பகுதி என்று 21-ஐக் காட்டி அறிவித்தார்கள். ஒவ்வொரு டேனரிக்கும் பத்தாயிரம் ரூபாய் அபராதம். நஷ்ட ஈட்டைக் கணக்கிடத் தனி ஆணையம். மேற்கொண்டு கண்காணிக்கச் சென்னை உயர் நீதிமன்றத்தில் ‘பசுமை அமர்வு’. மனுதாரர் தரப்பில் வாதாடிய எம்.சி. மேத்தாவுக்கு மாநில அரசு ஐம்பதாயிரம் ரூபாய் தர வேண்டும் என்றுகூட உத்தரவில் எழுதினார்கள்.

இதற்குப் பிறகு நாட்டில் ஆறு, காடு, காற்று பற்றி வந்த நூற்றுக்கணக்கான வழக்குகளில் இந்தத் தீர்ப்பை மேற்கோள் காட்டாமல் யாரும் வாதாடுவதில்லை. நம் ஊர்க் கெட்ட தண்ணீரிலிருந்து நாட்டுக்கு நல்ல சட்டம் கிடைத்தது.

ஊருக்கு என்ன கிடைத்தது? ஆணையம் 2001-ல் ஏறத்தாழ 29,000 பேருக்கு, ஐந்நூறுக்கும் மேற்பட்ட டேனரிகளிடமிருந்து நஷ்ட ஈடு என்று கணக்குப் போட்டது. அதற்கு எதிர் மனு, மேல்முறையீடு, விட்டுப்போன பெயர், புதுப் பட்டியல். பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் வந்தன. 2015 ஜனவரி 31 அதிகாலையில் ராணிப்பேட்டை சிட்கோவில் அப்படி ஒரு நிலையத்தின் கழிவுத் தொட்டிச் சுவர் உடைந்து, பக்கத்து ஆலையில் தூங்கிக்கொண்டிருந்த பத்துத் தொழிலாளர்கள் சேற்றில் மூழ்கிச் செத்தார்கள். பெரும்பாலும் மேற்கு வங்கத்திலிருந்து பிழைக்க வந்தவர்கள். சுற்றுச்சூழலைக் காப்பாற்றக் கோர்ட் உத்தரவால் பரவிய ஓர் ஏற்பாடு, பராமரிப்பும் கண்காணிப்பும் இல்லாததால் ஆளை விழுங்கியது. ராணிப்பேட்டையில் தொண்ணூறுகளில் மூடிய குரோமேட் ஆலையின் கழிவு மலை, லட்சம் டன்னுக்கு மேல், இன்னொரு கதை.

2025 ஜனவரி 30-ல், மனு போட்டு முப்பத்துமூன்று வருஷத்துக்கு மேல் ஆன பிறகு, உச்ச நீதிமன்றம் மறுபடியும் தீர்ப்புச் சொன்னது. நீதிபதிகள் ஜே.பி. பர்திவாலா, ஆர். மகாதேவன். இன்னும் நஷ்ட ஈடு கிடைக்காத குடும்பங்களுக்கு அரசே ஆறு வாரத்துக்குள் கொடுத்துவிட்டு, மாசு செய்தவர்களிடமிருந்து வசூலித்துக்கொள்ள வேண்டும். ஓய்வுபெற்ற உயர் நீதிமன்ற நீதிபதி தலைமையில் குழு அமைக்க வேண்டும். வழக்கை மூடாமல் தொடர் உத்தரவாக வைத்துக் கண்காணிப்போம். ‘அரசே முதலில் கொடு’ என்பதுதான் இதில் புதுசு. அதை 1996-லேயே சொல்லியிருந்தால் என்று எனக்கு ஓர் ஆதங்கம் உண்டு. அப்போது நாற்பது வயதில் கிணற்றை இழந்த விவசாயிக்கு இப்போது எழுபது.

டேனரியில் கூலி வேலை செய்பவர்கள் பக்கமும் ஒரு வார்த்தை. மூடு என்று சொல்வது எளிது. மூடினால் முதலில் வேலை இழப்பது ஆம்பூர், பேரணாம்பட்டு தலித், முஸ்லிம் தொழிலாளிகள். பிழைப்பும் 21-க்குள் வரும் என்று 1985-லேயே பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில் சொன்ன நீதிமன்றம்தான் இது. அதனால்தான் 1996 தீர்ப்பு சுத்திகரிப்பு வைத்து அபராதம் கட்டியவனை நடத்த விட்டது. எனக்கு அதில் ஆட்சேபம் இல்லை. இரண்டு உரிமை மோதும் இடத்தில் இரண்டையும் காப்பாற்ற, சுத்திகரிப்பு நிலையத்துக்குள் போய்ப் பார்க்கும் நேர்மையான இன்ஸ்பெக்டர் ஒருவர் வேண்டும். அந்த வேலையை நீதிபதி செய்ய முடியாது.

அதனால் தேர்வுக்குப் படிக்கிற உங்களிடம் ஒரு வேண்டுகோள். நாளைக்கு நீங்கள் உட்காரப் போகும் நாற்காலி அநேகமாக அந்த நடுவிலுள்ள நாற்காலிதான். விடுதலைச் சான்றில் கையெழுத்துக்குத் தாள் வைப்பதும், நஷ்ட ஈட்டுப் பட்டியலில் சர்வே நம்பரைச் சரிபார்ப்பதும் அங்கேதான் நடக்கும்.

அதுவரைக்கும் செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. உங்கள் சுற்றுவட்டாரத்தில் கிணறு கெட்டவர்கள் யாராவது இருந்தால், தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு எழுதுங்கள். வெள்ளைத் தாள், பத்து ரூபாய் கோர்ட் கட்டண வில்லை, முகவரி: பொதுத் தகவல் அலுவலர், மாவட்ட ஆட்சியர் அலுவலகம். வாணியம்பாடி 2019-லிருந்து திருப்பத்தூர் மாவட்டம், பழைய கோப்பு வேலூரில் இருக்கலாம் என்பதால் இரண்டு இடத்துக்கும் அனுப்புங்கள். கிராமத்தின் பெயரைச் சொல்லி, நஷ்ட ஈட்டைக் கணக்கிட்ட ஆணையத்தின் பட்டியலில் அந்தக் கிராமத்தில் யார் யார் இருக்கிறார்கள், ஒவ்வொருவருக்கும் எவ்வளவு, எந்தத் தேதியில் கொடுக்கப்பட்டது, கொடுக்காமல் இருப்பவர்கள் யார், 2025 உத்தரவின்படி என்ன நடவடிக்கை எடுக்கப்பட்டது என்று தனித்தனிக் கேள்வியாகக் கேளுங்கள். ‘ஏன் கொடுக்கவில்லை’ என்று கேட்காதீர்கள், அதற்குப் பதில் தர மாட்டார்கள். ஆவணத்தை மட்டும் கேளுங்கள். முப்பது நாள் அவகாசம், பதில் வராவிட்டால் அதே அலுவலகத்தில் முதல் மேல்முறையீடு. இறந்துபோனவர் பெயர் பட்டியலில் இருந்தால் வாரிசுச் சான்று வாங்கும் வேலையை இப்போதே தொடங்கச் சொல்லுங்கள். தாசில்தார் ஆபீஸில் அதற்குத்தான் அதிக நாள் பிடிக்கும்.